உதட்டுமீன்களின் குலமுறையும் கடற்பண்ணையில் அவற்றின் உபயோகமும்

விதை நெல் வாங்கும் குடியானவர் எவரும், ‘நெல்தானே, எதுவாயிருந்தால் என்ன?’ என்று வாங்குவதில்லை. ரகம் இன்னது, எந்தப் பிரதேசத்தில் விளைந்தது, எத்தனை நாட் பயிர், கலப்பற்றதா என்று விசாரித்த பின்னரே வாங்குவது வழக்கம். நாற்றங்காலில் நெல்லைப் போலவே தலைகாட்டும் நெற்சக்களத்தியை இனம் பிரித்தறியாதவர், அறுவடைக் காலத்தில் அதன் பலனை அநுபவிக்க நேரிடுகிறது. ஒன்று போலத் தோன்றுவன யாவும் ஓரினமாகா. வேறு போலத் தோன்றுவன யாவும் வேறினமுமாகா. இவ்வுண்மை நிலத்துக்கு மட்டுமன்றி நீருக்கும் பொருந்தும். ஐரோப்பாவின் வடகடலோரத்து மீன்பண்ணையாளர் ஒரு மீன் கூட்டத்தைப் பொதுப்பெயரால் மட்டும் அறிந்து வேலைக்கு அமர்த்தினர். அதனால் அடைந்த நன்மையையும், அதன் குலமுறையைக் கவனியாததால் நேர்ந்த நஷ்டத்தையும் அறிவது, பயிர்த்தொழில் செய்வோருக்கும் ஏரி குளங்களில் மீன் வளர்ப்போருக்கும் மிகவும் பிரயோஜனமாகும்.

சால்மன் பண்ணையும் கடற்பேனும்

நார்வே தேசத்தின் மேற்குக் கரையில், மலைகளினிடையே கடல்நீர் நெடுந்தூரம் உட்புகுந்து ஆழ்ந்த கழிகளாக நிற்கிறது. அலையடங்கிய இக்கழிகளில் மிதக்கும் வலைக்கூண்டுகளை அமைத்துச் சால்மன் என்னும் குளிர்நீர் மீனை வளர்க்கும் முறை, 1970-ஆம் ஆண்டில் ஹித்ரா என்னும் தீவில் வெற்றி கண்டது. இன்று அத்தேசத்தில் ஆண்டுதோறும் பத்து லட்சம் டன்னுக்கு மேற்பட்ட சால்மன் மீன் பண்ணைகளிலேயே விளைகிறது.

ஒரே பயிரை ஓரிடத்தில் நெருக்கமாகச் சாகுபடி செய்தால் அதற்குரிய பூச்சி பெருகுவது இயல்பு. சால்மன் பண்ணையிலும் அவ்வாறே நேர்ந்தது. கடற்பேன் என்னும் ஒட்டுண்ணி, மீனின் மேல் தொற்றி அதன் வழுவழுப்பையும் தோலையும் இரத்தத்தையும் தின்று புண்ணாக்குகிறது. அரை அங்குலத்துக்குட்பட்ட இப்பிராணி பூச்சியன்று. இறால், நண்டு ஆகியவற்றின் உறவு. பண்ணையில் பெருகிய பேன் வெளிக்கடலிலுள்ள காட்டுச் சால்மன் குஞ்சுகளையும் தாக்குவதால், மீன் ஒன்றுக்குச் சராசரி அரைப் பெண்பேனுக்கு மேற்படலாகாது என்றும், குஞ்சுகள் கடலுக்கிறங்கும் வசந்த காலத்தில் அதனினும் குறைவாக இருத்தல் வேண்டும் என்றும் நார்வே அரசாங்கம் வரம்பு விதித்துள்ளது. மருந்துகள் பல பிரயோகிக்கப்பட்டன. ஆனால் ஒரே மருந்தைத் திரும்பத் திரும்ப இட்டதால், அதைத் தாங்கி வாழும் பேன்களே எஞ்சிப் பெருகின. பருத்திக் கொல்லையில் மருந்தடித்தவர்களுக்கு இது புதிய செய்தியன்று.

இந்நிலையில், 1980-ஆம் ஆண்டுகளின் பிற்பகுதியில், நார்வேயின் கடலாராய்ச்சி நிபுணர்கள் கரையோரப் பாறைகளில் வாழும் சில சிறு மீன்களைக் கூண்டில் விட்டுப் பார்த்தனர். அவை சால்மனின் உடலைச் சுற்றி வந்து பேன்களைப் பொறுக்கித் தின்றன. கட்டணமின்றி வேலை செய்யும் கூலியாட்கள் கிடைத்துவிட்டதாகப் பண்ணையாளர் மகிழ்ந்தனர். ஸ்காட்லாந்திலும் இம்முறை பரவியது. நாளடைவில், ஆண்டொன்றுக்கு ஒரு கோடிக்கு மேற்பட்ட இம்மீன்கள் கடலிலிருந்து பிடிக்கப்பட்டுக் கூண்டுகளில் விடப்படலாயின. இவற்றை ஆங்கிலத்தில் ‘ராஸ்’ என்பர்.

உதட்டுமீனின் அடையாளங்கள்

இம்மீன்களின் உதடுகள் தடித்து மடிப்பு மடிப்பாக இருக்கும். லத்தீன் பாஷையில் உதட்டைக் குறிக்கும் ‘லாப்ரம்’ என்னும் சொல்லையொட்டியே இவற்றின் முதற் பேரினத்துக்கு லாப்ரஸ் என்று பெயர் ஏற்பட்டது. ஆதலால் இங்கு உதட்டுமீன் எனக் குறிப்பது பொருந்தும். முதுகுத் துடுப்பு ஒரே நீளத் துடுப்பாய், முன்பாகம் முள்ளும் பின்பாகம் மெல்லிய கதிர்களுமாக அமைந்திருக்கும். முன்பற்கள் சிறு குறடு போல முன்னோக்கி நிற்கும். உலகின் வெப்பக் கடல்களிலும் மிதவெப்பக் கடல்களிலும் இக்குடும்பத்தில் ஐந்நூறுக்கு மேற்பட்ட இனங்கள் உள்ளன.

வட ஐரோப்பாவின் பண்ணையோரங்களில் காணப்படுவன முக்கியமாக ஐந்து இனங்கள். முதலாவது, கோல்ட்ஸின்னி. ஏழு அங்குலத்துக்கு மேற்படுவது அரிது. வாலடியின் மேற்புறத்தில் ஒரு கரும்புள்ளி உண்டு. இரண்டாவது, கார்க்விங். சுமார் பத்து அங்குலம் வரை வளரும். வாலடியின் நடுவில் ஒரு புள்ளியும் கண்ணுக்குப் பின்னால் ஒரு கறையும் இருக்கும். மூன்றாவது, ராக் குக். வாய் மிகச் சிறிது. மற்றவற்றின் குதத்துடுப்பில் மூன்று முட்களிருக்க, இதற்கு வழக்கமாக ஐந்து முட்கள் உண்டு. நான்காவது, குக்கூ. இது பல வர்ணமுடையது. ஐந்தாவது, பேலன். இதுவே இவற்றுள் பெரியது. இரண்டடி வரை வளரும். பண்ணை வேலைக்குக் கோல்ட்ஸின்னி, கார்க்விங், பேலன் ஆகிய மூன்றுமே அதிகமாகப் பிடிக்கப்படுகின்றன.

ஒரு மீனுக்கு இரு பெயர்

ஸ்வீடன் தேசத்து லின்னேயஸ், 1758-ஆம் ஆண்டில் வெளியிட்ட தமது நூலின் பத்தாம் பதிப்பில், பிராணிகள் ஒவ்வொன்றுக்கும் பேரினப் பெயரும் இனப்பெயருமாக இரண்டு பெயர் சூட்டும் முறையை நிலைநாட்டினார். கோல்ட்ஸின்னி, கார்க்விங், ராக் குக், குக்கூ ஆகிய நான்கையும் அவர் லாப்ரஸ் என்னும் ஒரே பேரினத்தில் அடக்கினார். பேலனுக்கு 1767-ஆம் ஆண்டில் அவருடைய மாணவரான அஸ்கானியஸ் பெயரிட்டார்.

இவற்றுள் குக்கூ மீன் பெயரிட்டவர்களை நெடுங்காலம் ஏமாற்றியது. அதன் ஆண் செம்பொன் நிறத்தின்மேல் பளிச்சென்ற நீலக் கோடுகளை உடையது. பெண்ணோ இளஞ்சிவப்பாய், முதுகின் பின்பாகத்தில் மூன்று கரும்புள்ளிகளோடு இருக்கும். ஒன்றை மற்றொன்றின் அருகில் வைத்தால் ஓரினம் என்று எவரும் சொல்லார். லின்னேயஸின் அதே நூலிலேயே இம்மீனுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட இனப்பெயர்கள் இடம்பெற்றுவிட்டன. அவை யாவும் ஒரே மீனைக் குறிப்பன என்பது பிற்காலத்திலேயே தெளிவாயிற்று.

இவ்விதத் தவறுக்கு அக்காலத்து நிலைமையும் ஒரு காரணம். பெயரிட்டவர்களில் பலர் மீனை உயிரோடு கண்டதில்லை. சாராயத்தில் இட்டோ உலர்த்தியோ அனுப்பப்பட்ட உடல்களை மேஜைமேல் வைத்தே ஆராய்ந்தனர். தரங்கம்பாடியில் இருந்த ஜான் என்னும் பாதிரியார் அனுப்பிய மீன்களைக்கொண்டு பெர்லின் நகரத்து வைத்தியர் பிளாக் பல இனங்களை விவரித்ததும், நன்றிக்கறிகுறியாக ஒரு பேரினத்துக்கு ஜானியஸ் என்று பெயரிட்டதும் இம்முறைக்கு நம் நாட்டிலேயே உள்ள உதாரணம். ஆணும் பெண்ணும் ஜோடி சேர்வதையோ, இளமீன் முதிர்ந்து நிறம் மாறுவதையோ மேஜைமேல் காண இயலாதல்லவா?

பால் மாறும் மீன்கள்

நிறத்தினால் நேர்ந்த குழப்பத்துக்கு அடிப்படையான காரணம் அதனினும் வியப்பானது. குக்கூ மீனும் பேலனும் பெண்ணாகவே முதலில் முதிர்ச்சியடைகின்றன. ஆண்டுகள் சென்று உடல் பெருத்தபின், அவற்றுள் சில ஆணாக மாறுகின்றன. மாறும்போது குக்கூ தன் வர்ணத்தையும் மாற்றிக்கொள்கிறது. வெப்பக் கடல்களில், மன்னார் வளைகுடா உட்பட, பிற மீன்களின் உடலைச் சுத்தம் செய்து வாழும் நீலக்கோட்டு உதட்டுமீன் இவ்வகையில் பிரசித்தமானது. ஓர் ஆண் பல பெண்களோடு வாழும். அவ்வாண் இறந்துவிட்டால், பெண்களுள் பெரியது சில மணி நேரத்துக்குள்ளேயே ஆணின் நடையைக் கைக்கொள்வதும், சுமார் இரண்டு வாரங்களில் விந்து உண்டாக்கும் முழு ஆணாவதும் 1972-ஆம் ஆண்டில் வெளியான ஆராய்ச்சியால் அறியப்பட்டன.

ஆனால் உதட்டுமீன் யாவும் இவ்வாறு மாறுவதாக எண்ணுதல் தவறு. கோல்ட்ஸின்னியும் கார்க்விங்கும் பிறந்த பாலிலேயே கடைசிவரை வாழ்கின்றன. கார்க்விங் ஆண்களுள் பெரும்பாலானவை வேகமாக வளர்ந்து, கடற்பாசிகளைக் கொணர்ந்து பாறையிடுக்கில் கூடு கட்டி, பெண்கள் அதில் இட்ட முட்டைகளைக் காவல் காக்கின்றன. சில ஆண்கள் மட்டும் கூடு கட்டாமல், சிறுத்துப் பெண்ணைப் போன்ற நிறத்தோடிருந்து, பிறர் கூட்டில் களவாக விந்தைச் சிந்திச் செல்கின்றன. ஆகவே பெண் போல் தோன்றும் கார்க்விங் யாவும் பெண்ணென்று கொள்வதற்கில்லை. இவ்வேறுபாடுகள் ஆராய்ச்சியாளரின் வியப்புக்கு மட்டும் உரியன என்று பண்ணையாளர் அசட்டை செய்தனர். அதன் விளைவு பின்னர்க் கூறப்படும்.

தொண்டையிலுள்ள அம்மி

நிறம் நம்பத்தகாதது என்று கண்ட நிபுணர்கள் எலும்பை நாடினர். உதட்டுமீனுக்கு வாய்த்தாடையேயன்றித் தொண்டையினுள்ளும் ஒரு தாடை உண்டு. அதன் கீழ்ப்பாகத்து எலும்புகள் இரண்டும் ஒன்றாய் இணைந்து, மேலே பற்கள் பதித்த ஒரே தகடாக அமைந்திருக்கின்றன. வாயின் முன்பற்கள் சிப்பியைப் பாறையிலிருந்து பறிக்க, தொண்டைத் தாடை அம்மியைப் போல அதை நசுக்குகிறது. ஜெர்மானிய நிபுணர் ஜோஹன்னஸ் முல்லர் 1840-ஆம் ஆண்டுகளில் இவ்வெலும்பின் இணைப்பை முக்கிய அடையாளமாகக்கொண்டு மீன்களை வகுத்தார்.

இவ்வழியைப் பின்பற்றி, 1982-ஆம் ஆண்டில் காப்மன், லீம் என்னும் இருவர், உதட்டுமீன்களையும் சிக்லிடு என்னும் நன்னீர் மீன்களையும் வேறு சிலவற்றையும் ஒரே பெருங்கிளையில் சேர்த்தனர். ஆப்பிரிக்காவைத் தாயகமாகக்கொண்டு, 1952-ஆம் ஆண்டில் இந்தியாவுக்குக் கொண்டுவரப்பட்டு, இன்று ஏரி குளங்கள்தோறும் மலிந்துள்ள ஜிலேபிக் கெண்டை ஒரு சிக்லிடே. அதன் தொண்டையிலும் இத்தகைய அம்மி உண்டு. ஆகவே கடலின் உதட்டுமீனும் ஏரியின் ஜிலேபிக் கெண்டையும் பங்காளிகள் என்று கொள்ளப்பட்டன.

ஆனால் உயிரணுக்களிலுள்ள பரம்பரைப் பொருளையே ஒப்பிட்டுப் பார்க்கும் முறை வந்தபின், இவ்வுறவு நிலைக்கவில்லை. இத்தாடை ஒரே முன்னோரிடமிருந்து எல்லோருக்கும் வந்த சொத்தன்று. வெவ்வேறு குலங்களில் தனித்தனியே பலமுறை தோன்றியது என்று 2012-ஆம் ஆண்டின் ஆராய்ச்சி ஒன்று விளக்கியது. கடினமான இரையை நசுக்கித் தின்னும் தொழில், தொடர்பற்ற மீன்களிலும் ஒரேவிதக் கருவியை உண்டாக்கிவிட்டது. நெற்சக்களத்தி நெல்லின் தோற்றத்தைப் பெற்றதும் ஒருவகையில் இத்தகையதே. களையெடுப்பவர் கண்ணில் வேறுபட்டுத் தோன்றியவை பிடுங்கப்பட்டு, நெல்லைப் போன்றவையே தப்பி விதை சிந்தின. தோற்றம் ஒத்தது, குலம் ஒத்ததில்லை.

இதற்கு நேர்மாறான செய்தியும் வெளியாயிற்று. பவளப் பாறைகளில் மேயும் கிளிமீன்களின் பற்கள் ஒன்றாயிணைந்து கிளியின் அலகைப் போலிருக்கும். மன்னார் வளைகுடாவிலும் இவை உண்டு. அலகின் விசேஷத்தைக்கொண்டு அவை தனிக் குடும்பமாகவே நெடுங்காலம் வைக்கப்பட்டன. 2005-ஆம் ஆண்டில் வெஸ்ட்னீட், அல்பாரோ என்பவர்கள் வெளியிட்ட ஆராய்ச்சியின்படி, கிளிமீன்கள் உதட்டுமீன் குடும்பத்தின் உட்கிளைகளில் ஒன்றேயாகும். இரண்டடிக்கு மேற்படாத பேலனுக்கும் கிளிமீனுக்கும் உள்ள உறவைவிட, ஆறடிக்கு மேல் வளரும் நெற்றி புடைத்த நெப்போலியன் உதட்டுமீனுக்கும் கிளிமீனுக்கும் உள்ள உறவு நெருங்கியது.

இக்குடும்பம் மிகப் பழமையானது. இத்தாலியில் போல்கா மலையின் சுண்ணாம்புப் பாறைகளில், சுமார் ஐந்து கோடி ஆண்டுகளுக்கு முற்பட்ட உதட்டுமீன்களின் கற்சுவடுகள் கிடைத்துள்ளன. தொண்டை அம்மி அப்பொழுதே அமைந்திருந்தது. கிளிமீனின் சுவடு ஆஸ்திரியாவில் சுமார் ஒரு கோடியே நாற்பது லட்சம் ஆண்டுகளுக்கு முற்பட்ட பாறையில் அகப்பட்டது.

ஐரோப்பியக் கிளை

முன்சொன்ன ஐந்து மீன்களும் லாப்ரீனி என்னும் ஒரே கிளையைச் சேர்ந்தவை. சுமார் இருபத்துமூன்று இனங்களைக்கொண்ட இக்கிளை, பெரும்பாலும் மத்தியதரைக் கடலிலும் கிழக்கு அட்லாண்டிக் கரையிலும் வாழ்கிறது. இரண்டே இனங்கள் வட அமெரிக்காவின் கீழ்க்கரையில் உள்ளன. வெப்பக் கடல்களுக்குரிய ஒரு பெருங்குடும்பத்தில், குளிர்ந்த நீருக்குப் பழகிய கிளை இது.

மத்தியதரைக் கடலின் வரலாறு இக்கிளையை ஆராய்வோர் கவனத்துக்குரியது. சுமார் அறுபது லட்சம் ஆண்டுகளுக்கு முன் அட்லாண்டிக்கிலிருந்து வரும் வாய்க்கால் அடைபட்டதால், அக்கடல் பெரும்பாலும் வற்றி உப்புப் பாழாயிற்று. பின் சுமார் ஐம்பத்துமூன்று லட்சம் ஆண்டுகளுக்கு முன் அட்லாண்டிக்கின் நீர் மீண்டும் புகுந்து நிரம்பியது. வற்றிய ஏரிக்குப் புதுவெள்ளத்தோடு மீன் வருவது போல, அக்கடலின் இன்றைய மீன்வளத்தில் பெரும்பகுதி அட்லாண்டிக்கிலிருந்து வந்த முன்னோரின் வழியே தோன்றியதாகும். கார்க்விங் சேர்ந்துள்ள ஸிம்போடஸ் பேரினத்தில் பத்து இனங்களுக்குக் குறையாமல் உள்ளன. அவற்றுள் பெரும்பாலானவை அக்கடலிலேயே காணப்படுகின்றன.

இக்கிளைக்குள்ளும் வாழ்க்கை முறை ஒன்றாக இல்லை. கோல்ட்ஸின்னியின் முட்டைகள் கடல்நீரில் மிதந்து செல்லும். பெற்றோர் காவல் இல்லை. கார்க்விங்கும் பேலனும் முட்டைகளை அடியில் கூட்டில் இட்டுக் காக்கும். மிதக்கும் முட்டை நீரோட்டத்தோடு தூரம் செல்லும்; கூட்டு முட்டையின் குஞ்சு பிறந்த ஊரைவிட்டு அதிகம் விலகாது. ஆகவே கூடு கட்டும் இனங்களில், ஊருக்கு ஊர் குலம் வேறுபடுவதற்கு இடமுண்டு.

நார்வேயின் கார்க்விங் இதற்குச் சான்று. அத்தேசத்தின் தென்மேற்கில், சிறந்த விளைநிலங்களைக்கொண்ட யேரன் என்னும் பிரதேசத்தின் கரை, பாறையின்றி நீண்ட மணற்பரப்பாக உள்ளது. பாறையையும் பாசியையும் விட்டு வாழாத கார்க்விங் இம்மணலைக் கடப்பது அரிது. பனிப்பாறைகள் உருகி அக்கரை மீன்கள் குடியேறத்தக்கதான பின், சுமார் பத்தாயிரம் ஆண்டுகளாக, மணலுக்கு மேற்கிலும் வடக்கிலும் உள்ள மீன்கள் வேறு, கிழக்கிலுள்ளவை வேறு எனப் பரம்பரையில் பிரிந்துவிட்டன. கண்ணால் காண்பதற்கு இரண்டும் ஒன்றே.

பேலனைப் பற்றியும் இத்தகைய கேள்வி எழுந்துள்ளது. உடல் முழுதும் ஒரே நிறமானவை, புள்ளிகளுடையவை என இரு தோற்றங்கள் உண்டு. ஸ்பெயின் தேசத்தின் கலீசியா மீனவர்கள் முன்னதை மரகோட்டா என்றும், பின்னதைப் பிண்டோ என்றும் வெவ்வேறு பெயரிட்டழைப்பர். புத்தகங்கள் ஒரே இனமென்றன. ஆனால் 2016-ஆம் ஆண்டில் வெளியான பரம்பரை ஆராய்ச்சி, அக்கடலில் இவ்விரண்டும் தெளிவாகப் பிரிந்திருப்பதைக் காட்டி, இரண்டு இனமோ என்னும் வினாவை எழுப்பியது. வளர்ச்சியிலும் இவை வேறுபடுகின்றன. குக்கூ விஷயத்தில் நிறத்தை நம்பியது பிழையாயிற்று. பேலன் விஷயத்தில் நிறத்தை அலட்சியம் செய்தது பிழையாகலாம். எந்த அடையாளமும் தனித்து நின்று சாட்சி சொல்லாது என்பதே இதன் கருத்து.

பண்ணையில் நேர்ந்த பிழைகள்

மேற்கண்ட வேறுபாடுகளை எண்ணாமல், ‘பேன் தின்னும் மீன்’ என்ற ஒரே பெயரில் இவற்றைப் பிடித்து அடைத்ததால் விளைந்த தீங்குகள் பல.

முதலாவது, பிடிப்பில் நேர்ந்த பிழை. சிறு மீன் தப்பிச் சென்று இனம் பெருகட்டும் என்ற எண்ணத்தோடு, குறிப்பிட்ட நீளத்துக்குக் குறைந்தவற்றைப் பிடிக்கலாகாது என்று விதி செய்யப்பட்டது. பல மீன்களுக்கு நல்லதான இவ்விதி, கார்க்விங்குக்கு எதிரிடையாக வேலை செய்தது. கூடு கட்டும் ஆண்களே விரைவில் அந்நீளத்தை அடைவதால், அவையே அதிகமாகப் பிடிபட்டன. ஆண் போனால் கூட்டிலுள்ள முட்டைகளுக்குக் காவல் இல்லை. பேலனோ பெண்ணாயிருந்து பெரிதானபின்னரே ஆணாகும் மீன். பெரியவை யாவும் பிடிக்கப்பட்டால் ஆணுக்கே பஞ்சம் உண்டாகும். இதையறிந்தபின், பேலனுக்குக் கீழெல்லையோடு மேலெல்லையும் விதித்து, பெரிய மீன்களைத் திரும்பக் கடலில் விடும்படி நார்வே அரசாங்கம் ஏற்பாடு செய்தது. இனத்துக்கினம் விதி வேறுபட வேண்டும் என்பது அநுபவத்தால் உணரப்பட்டது.

இரண்டாவது, வேற்றூர் வித்தைக் கொணர்ந்த பிழை. வடக்கிலுள்ள பண்ணைகளுக்கு அவ்விடத்து மீன் போதாமையால், ஸ்வீடனின் மேற்குக் கரையிலும் நார்வேயின் தென்கரையிலும் பிடித்த உதட்டுமீன்கள் வண்டிகளிலேற்றி நூற்றுக்கணக்கான மைல் வடக்கே அனுப்பப்பட்டன. வலை கிழிந்தும் கண்களினூடே நுழைந்தும் அவற்றுள் பல தப்பின. மத்திய நார்வேயில் பிளாட்டாங்கர் என்னுமிடத்தில் ஆராய்ந்து, 2018-ஆம் ஆண்டில் வெளியிட்ட முடிவின்படி, அங்குள்ள கார்க்விங் மீன்களில் ஐந்தில் ஒரு பங்கு வரை தப்பி வந்த தெற்கத்தி மீன்களும் அவற்றின் கலப்புச் சந்ததியுமாக இருந்தன. மணற்பரப்பு பத்தாயிரம் ஆண்டுகளாகக் காத்துவந்த பிரிவினையை, வண்டிகள் சில ஆண்டுகளில் அழிக்கத் தொடங்கிவிட்டன. அவ்வூர்க் குளிருக்குப் பழகிய குலம் ஒரு முறை கலந்துவிட்டால், அதைத் திரும்பப் பிரித்தெடுக்க வழியில்லை.

மூன்றாவது, பராமரிப்பில் நேர்ந்த பிழை. உதட்டுமீன்களுக்கு உண்மையான இரைப்பை கிடையாது. தின்றது நேராகக் குடலுக்குச் செல்லும். ஆகவே வயிறு நிரம்பத் தின்று காத்திருக்கும் சால்மனின் முறை இவற்றுக்குப் பொருந்தாது. சிறிது சிறிதாக அடிக்கடி இரை வேண்டும். இரவில் பாறையிடுக்கில் ஒதுங்குவது இவற்றின் சுபாவம். வெறும் வலைக்கூண்டில் ஒதுங்க இடமின்றி நலிகின்றன. குளிர் மிகும்போது இவை அசைவற்று ஒடுங்கிவிடுவதால், மாரிக் காலத்தில் பேன் தின்னும் வேலையும் நின்றுவிடும். கூண்டில் விட்டவற்றுள் பெருந்தொகை மடிந்தது. அரசாங்க அதிகாரிகள் இதைக் கண்டித்தபின், செயற்கைப் பாசிக் கொத்துகளைத் தொங்கவிடுதல், தனித் தீனி அளித்தல் முதலிய சீர்திருத்தங்கள் ஏற்பட்டன. பேலனைக் குஞ்சு பொரிப்பகத்திலேயே வளர்க்கும் முறையும் தொடங்கியது. ஆயினும் மடிவு முற்றும் நிற்கவில்லை.

குடியானவர் கருதவேண்டியவை

உதட்டுமீனைக் கண்டிராத ஊர்களுக்கும் இவ்வரலாறு சில போதனைகளைத் தருகிறது.

ஒரு தொழிலைச் செய்யும் பிராணிகள் யாவும் ஒரே குலமல்ல. உதட்டுமீன் குடும்பத்துக்குள்ளேயே, பிற மீனின் உடலைச் சுத்தம் செய்யும் வழக்கம் பல கிளைகளில் தனித்தனியே தோன்றியது. மன்னார் வளைகுடாவின் நீலக்கோட்டு மீனும் நார்வேயின் கோல்ட்ஸின்னியும் ஒரே வேலையைச் செய்தாலும் நெருங்கிய உறவல்ல. போதாக்குறைக்கு, நீலக்கோட்டு மீனைப் போலவே உருவெடுத்து, சுத்தம் செய்ய வருவதாக அருகில் வந்து துடுப்பைக் கடித்துச் செல்லும் வேற்றுக் குடும்பத்து மீனும் உண்டு. ஆகவே பூச்சியைத் தின்னும் பிராணி, களையை மேயும் மீன் என்று சிபாரிசு செய்யப்படும் எதனையும் ஏரியிலோ வயலிலோ விடுமுன், அதன் இனம் இன்னதென்று மீன்வள இலாகாவின் மூலம் நிச்சயித்துக்கொள்வது அவசியம். ஜிலேபிக் கெண்டை ஒருமுறை புகுந்த ஏரியிலிருந்து அதை அகற்றுவது எவ்வளவு பிரயாசை என்பதைக் குத்தகைதாரர் அறிவர்.

ஊரில் நிலைத்த குலத்தை, அது மீனாயினும் மாடாயினும் நெல்லாயினும், தோற்றம் ஒன்றென்பதற்காக வேற்றூர்க் குலத்தோடு யோசனையின்றிக் கலக்கலாகாது. கூட்டு ஏரிகளில் மீன்குஞ்சு விடுவதற்கு அநுமதி வழங்கும் கிராம அதிகாரிகள், குஞ்சு எங்கே பொரித்தது, தாய்மீன் எந்த ஆற்றைச் சேர்ந்தது என்று விசாரித்துப் பதிவு செய்துகொள்வது நலம். இன்று ஒரு வரி எழுதும் சிரமம், பிற்காலத்தில் வரும் பெருநஷ்டத்தைத் தவிர்க்கும்.

பெரியதைப் பிடித்துச் சிறியதை விடுவது எப்பொழுதும் தருமமாகாது. எது தாய், எது தந்தை, எந்த வயதில் எது முட்டையிடும் என்பதை அறிந்தே கண்ணியின் அளவையும் பிடிப்புக் காலத்தையும் தீர்மானித்தல் வேண்டும். வெளிநாட்டு விலைக்காக வரம்பின்றிப் பிடிக்கப்பட்ட நெப்போலியன் உதட்டுமீன் அழியும் நிலையை அடைந்து, 2004-ஆம் ஆண்டில் சர்வதேச வியாபாரக் கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவரப்பட்டது. அதுவும் முதுமையில் பெண் ஆணாக மாறும் இனமே.

இனங்களுக்குப் பெயரிட்டு வகுப்பது கல்விமான்களின் பொழுதுபோக்கென்று பலர் கருதுகின்றனர். நார்வேயின் பண்ணையாளரும் ஒரு காலத்தில் அவ்வாறே கருதினர். வாலடியிலுள்ள புள்ளி நடுவிலிருக்கிறதா, மேலிருக்கிறதா என்று பாராமற் போனதன் செலவை அவர்கள் கணக்கில் கண்டபின், மீன் பிடிப்பவர் இனம் பிரித்தறிந்து எண்ணிக்கை எழுதும் வழக்கம் அங்கு ஏற்பட்டது. விதையின் ரகத்தை விசாரித்து வாங்கும் நம் குடியானவர்கள், அதே ஜாக்கிரதையை ஏரியில் விடும் மீனிடத்தும் காட்டுவார்களாயின், பிறர் நஷ்டத்தால் கற்ற பாடம் அவர்களுக்குச் செலவின்றி லாபமாகும்.